மூன்று பேர் கட்டிப் பார்த்த ஒரே ரக இடுப்பு பெல்ட்

ராமேஸ்வரத்துக்கு அருகிலுள்ள மண்டபம் ஊரில் மீன் கம்பெனி ஒன்றில் கணக்கெழுதும் நான், ராமநாதபுரத்து மருந்துக்கடை ஒன்றில் 780 ரூபாய்க்கு வாங்கிய இடுப்பு பெல்ட்டைப் பற்றி எழுதுகிறேன். எனக்கு வாங்கிய ஒரு மாதத்துக்குள், விசைப்படகில் கடலுக்குப் போகும் தம்பிக்கும், கயிற்றில் கடற்பாசி கட்டும் வேலைக்குப் போகும் அம்மாவுக்கும் அதே ரகத்தில் ஆளுக்கொன்று வாங்கினோம். மூவருக்கும் இருந்தது குறுக்கு வலிதான். ஆனால் மூவரின் முதுகுத்தண்டிலும் இருந்த கோளாறு வெவ்வேறானது. அதனால்தான் அதே பெல்ட் தம்பிக்கு உதவியாகவும், அம்மாவுக்கு உபத்திரவமாகவும், எனக்கு வீண் செலவாகவும் முடிந்தது.

முதலில் பொருளைச் சொல்லிவிடுகிறேன். அகலமான எலாஸ்டிக் துணியின் முதுகுப் பக்கத்தில், இடுப்பின் வளைவுக்கேற்ப வளைத்த நான்கு எஃகுப் பட்டைகள் சிறு பைகளுக்குள் செருகப்பட்டுள்ளன. முன்புறம் வெல்க்ரோவால் ஒட்டிக்கொண்டு, பக்கவாட்டில் இருக்கும் இரண்டு வார்களை இழுத்து இறுக்க வேண்டும். இது வயிற்றைச் சற்று அழுத்திப் பிடிக்கிறது. இடுப்பு சட்டென்று வளைவதையும் திரும்புவதையும் மட்டுப்படுத்துகிறது. அதற்கு மேல் எதுவும் செய்வதில்லை. நழுவிய எலும்பை இடத்துக்குக் கொண்டுவரவோ, பிதுங்கிய ஜவ்வை உள்ளே தள்ளவோ எந்த பெல்ட்டாலும் முடியாது என்றாலும், அட்டைப்பெட்டியின் மேல் கோணலாக இருந்த முள்ளெலும்புகள் நேராகிவிட்டதுபோல ஒரு படம் போட்டிருக்கிறார்கள். கடைக்காரர் பேண்ட் அளவைக் கேட்டு எடுத்துக் கொடுத்தார். உள்ளே இருந்த குறிப்போ தொப்புள் மட்டத்தில் சுற்றளவை அளக்கச் சொல்கிறது. என் விஷயத்தில் இரண்டுக்கும் ஒரு சைஸ் வித்தியாசம் இருந்ததால், உட்காரும்போதெல்லாம் மேல் விளிம்பு மடிந்து விலாவில் குத்தியது; மறுபடி பஸ் ஏறிப்போய் மாற்றி வந்தேன்.

எனக்கு ஏன் இது தேவைப்படவில்லை என்பதைக் கொஞ்சம் விரிவாகவே சொல்ல வேண்டும். மனிதனுக்குக் கீழ்முதுகில் ஐந்து முள்ளெலும்புகள் தனித்தனியாக இருக்கின்றன. அவற்றுக்குக் கீழே இன்னும் ஐந்து ஒன்றாக இணைந்து திரிக எலும்பாகின்றன. அதன் நுனியில் வால் எலும்பு இருக்கிறது. என் எக்ஸ்ரே அறிக்கையில், ஐந்தாவது இடுப்பு முள்ளெலும்பு திரிகத்தோடு சேர்ந்திருக்கிறது என்பதற்கு ‘சேக்ரலைசேஷன்’ என்றும், திரிகத்தின் முதல் எலும்பில் ‘ஸ்பைனா பிஃபிடா ஆக்கல்ட்டா’ என்றும் இரண்டு வரிகள் இருந்தன. கடைக்காரர் அதை வாங்கிப் பார்த்துவிட்டு, “எலும்பு ஒட்டிப்போச்சு, பின்னாடி ஓட்டையும் இருக்கு சார், பெல்ட் இல்லாம நடக்கவே கூடாது” என்றார். மூன்று வாரம் தூக்கத்திலும் கட்டியிருந்தேன். வேர்க்குருவைத் தவிர வேறு பலன் இல்லை.

பிறகு அரசு மருத்துவமனையின் எலும்பு மருத்துவர் அதே அறிக்கையைப் பார்த்தார். ஆக்கல்ட்டா என்றால் மறைந்திருப்பது என்று பொருளாம். முள்ளெலும்பின் பின்வளைவு முழுதாக மூடாமல் ஒரு சிறு இடைவெளி நின்றுவிடுகிறது. ஆனால் தண்டுவடமோ அதன் உறையோ அதன் வழியாக வெளியே வருவதில்லை. நூற்றில் 10 முதல் 20 பேருக்கு இது இருக்கிறது. பெரும்பாலோர் வேறு எதற்கோ எக்ஸ்ரே எடுக்கும்போதுதான் தெரிந்துகொள்கிறார்கள். அவர் சட்டையைத் தூக்கச் சொல்லி, குறுக்குக்குக் கீழே மயிர்க்கற்றை, குழி, கொழுப்புக் கட்டி, விநோதமான மச்சம் ஏதும் உண்டா என்று பார்த்தார். கால் பலவீனமோ சிறுநீர்த் தொந்தரவோ உண்டா என்றும் கேட்டார். இவை இருந்தால் தண்டுவடத்தின் கீழ்முனை திசுக்களோடு பிணைந்து இழுபடுகிறதா என்று எம்.ஆர்.ஐ. எடுத்துப் பார்க்க வேண்டுமாம். எனக்கு ஒன்றும் இல்லை. தண்டுவடமே வெளியே பிதுங்கி நிற்கும் கடுமையான வகை முற்றிலும் வேறு. அது கருவுற்ற 28 நாட்களுக்குள், பல பெண்களுக்குக் கர்ப்பமே உறுதியாகாத காலத்தில் நேர்ந்துவிடுகிறது. அதனால்தான் குழந்தைக்குத் திட்டமிடும்போதே நாளொன்றுக்கு 400 மைக்ரோகிராம் ஃபோலிக் அமிலம் சாப்பிடச் சொல்கிறார்கள்.

எலும்பு சேர்ந்திருப்பதும் பிறவி அமைப்புதான். இதனால் வலி வரக்கூடும் என்று இத்தாலிய மருத்துவர் பெர்டொலொட்டி 1917-இல் எழுதியதால், அந்த வலிக்கே அவர் பெயர் வழங்குகிறது. ஆனால் வலி பெரும்பாலும் வருவது, முள்ளெலும்பின் பக்கவாட்டு இறக்கை ஒருபுறம் மட்டும் பெருத்துத் திரிகத்தோடு அரைகுறை மூட்டாக உரசும்போதுதான். எனக்கு இருபுறமும் முழுதாகச் சேர்ந்துவிட்டது. அங்கே அசைவே இல்லாதபோது பெல்ட் எதைத்தான் கட்டுப்படுத்தும்? என் வலிக்குக் காரணம், ஐஸ் பெட்டிகளுக்கு நடுவே பிளாஸ்டிக் நாற்காலியில் பத்து மணி நேரம் கூனி உட்கார்ந்திருந்ததுதான். அரை மணிக்கொரு முறை எழுந்து நடந்ததிலேயே பாதி குறைந்தது. இத்தகைய அமைப்பு உள்ளவர்கள் எக்ஸ்ரேயைத் தூக்கி எறியாமல் பத்திரப்படுத்த வேண்டும். பிற்காலத்தில் ஜவ்வுக்கு அறுவை சிகிச்சை வந்தால், எந்த எலும்பு எத்தனையாவது என்று எண்ணுவதில் தவறு நேர இடமுண்டு.

தம்பிக்கு நிலைமை வேறு. பள்ளி நாட்களில் வேகப்பந்து வீசியவன். ஐந்தாவது முள்ளெலும்பின் மேல் மூட்டையும் கீழ் மூட்டையும் இணைக்கும் மெல்லிய எலும்புப் பகுதியில் இருபுறமும் விரிசல். எலும்பு முன்புறமாகச் சற்று நழுவியிருக்கிறது. ஊரில் இதைப் பிறவிக் கோளாறு என்றார்கள். பிறந்த குழந்தைகளிடம் இந்த விரிசல் காணப்படுவதில்லை. நடக்கத் தொடங்கிய பிறகு, பெரும்பாலும் பள்ளிப் பருவத்தில், முதுகைப் பின்னால் வளைத்துத் திருப்பும் அசைவுகள் திரும்பத் திரும்ப நிகழ்வதால் ஏற்படுகிறது. பெரியவர்களில் நூற்றுக்கு ஆறு பேர் அளவில் இருக்கிறது. சாய்கோண எக்ஸ்ரேயில் நாய்க்குட்டியின் வடிவம் தெரியும் என்றும், அதன் கழுத்தில் வார் கட்டியதுபோல் தெரிவதுதான் விரிசல் என்றும் மருத்துவர் காட்டியபோது தம்பி சிரித்துவிட்டான். நழுவல் கால் பங்குக்கும் குறைவு என்பதால் முதல் நிலை, அறுவை தேவையில்லை.

மீன்பிடித் தடைக்காலமான ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரையிலான 61 நாட்கள் அவனுக்கு வாய்ப்பாக அமைந்தன. முதல் ஆறு வாரம் பகலில் பெல்ட், கூடவே வயிற்றுத் தசையையும் முதுகுத் தசையையும் பலப்படுத்தும் பயிற்சி. பிறகு பெல்ட்டைக் குறைத்துப் பயிற்சியை மட்டும் தொடர்ந்தான். இப்போது வலை இழுக்கும் நேரத்தில் மட்டும் கட்டுகிறான். கட்டியிருக்கும்போது முதுகைப் பின்னால் வளைக்கத் தோன்றுவதில்லை என்கிறான். அந்த நினைவூட்டலுக்கு மட்டுமே நான் இந்த பெல்ட்டுக்கு மதிப்பெண் கொடுப்பேன்.

அம்மாவைப் பற்றிச் சுருக்கமாக. அவருக்குத் தண்டுவடக் கால்வாய் வயதால் குறுகியிருக்கிறது. மணலில் உட்கார்ந்து குனிந்து பாசி கட்டும்போது வலியில்லை. நிமிர்ந்து நூறு அடி நடந்தால் இரு கால்களும் மரத்துப்போகும், உட்கார்ந்தால் தெளியும். குனிந்தால் கால்வாய் சற்று விரிகிறது என்பதே காரணம். அவரை நிமிர்த்திப் பிடித்த எஃகுப் பட்டைகள் அந்த நிவாரணத்தையும் பறித்துவிட்டன. இரண்டாம் நாளே, “இந்தச் சனியனக் கழட்டுப்பா” என்றார்.

வலி வராமல் தடுக்கவே கட்டிக்கொள்ளலாம் என்று கடைகளில் சொல்வதை நம்ப வேண்டாம். அமெரிக்க அரசின் தொழில்நல ஆய்வு நிறுவனமான நியோஷ், காயமில்லாத தொழிலாளர்களுக்கு முதுகு பெல்ட்டைப் பரிந்துரைக்க முடியாது என்று 1994-லேயே சொல்லிவிட்டது. பல மருத்துவ ஆய்வுகளைச் சேர்த்து மதிப்பிடும் காக்ரன் அமைப்பின் 2008-ஆம் ஆண்டுத் தொகுப்பும் வலியைத் தடுப்பதில் பெல்ட்டால் தனிப் பயன் இல்லை என்றே கண்டது. குறுக்கு வலியோடு சிறுநீர் பிரியாமல் நின்றாலோ, அமரும் இடம் மரத்துப்போனாலோ, பாதம் தூக்க வராமல் தொங்கினாலோ, பெல்ட், தைலம், சுளுக்கெடுப்பது எதற்கும் நேரம் கடத்தாமல் அன்றே மருத்துவமனைக்குப் போக வேண்டும்.

கடற்கரையில் இந்த ரகம் எப்படித் தாங்குகிறது என்று கேட்டால், சுமாராகத்தான். தம்பியின் பெல்ட்டில் வெல்க்ரோ முழுக்க மீன் செதில் அடைந்து, நான்காம் மாதமே பிடிப்புத் தளர்ந்தது. பழைய பல்துலக்கும் பிரஷ்ஷால் தேய்த்துச் சமாளிக்கிறான். உப்புத்தண்ணீர் பட்ட எஃகுப் பட்டைகள் துருவேறித் துணியில் செங்கறை படிந்துவிட்டது. அவற்றை உருவிவிட்டு நல்ல தண்ணீரில் அலசி நிழலில் காயவைத்தால் துணி நாள்படத் தாங்குகிறது. பட்டைகள் மட்டும் தனியாக விற்பனைக்கு இல்லை என்று கடையில் கையை விரித்துவிட்டார்கள். படகு வேலைக்கு வாங்குகிறவர்கள் பிளாஸ்டிக் பட்டை வைத்த ரகத்தைக் கேட்டு வாங்குங்கள். அம்மாவின் பெல்ட்டிலிருந்து உருவிய நான்கு பட்டைகள்தான் இப்போது தம்பியின் பெல்ட்டுக்குள் இருக்கின்றன.