ரெமிங்டனும் ரசலும் தீட்டிய மேற்கு: ஃபோர்ட் வொர்த்தின் ஏமன் கார்ட்டர் அருங்காட்சியகம்

தூசி பறக்கக் குதிரையில் பாயும் கௌபாய், பின்னால் துரத்தி வரும் பூர்வகுடி வீரர்கள், மனிதர் காலடியே படாதது போன்ற செம்மலைகள். அமெரிக்க மேற்கு என்றதும் மனதில் எழும் இந்தச் சித்திரத்தை ஹாலிவுட்டின் கையில் கொடுத்தவர்கள் பத்தொன்பதாம் நூற்றாண்டின் பத்திரிகை ஓவியர்களும் கதாசிரியர்களும்தான். அது எப்படி உருவானது என்பதை மூல ஓவியங்களின் முன் நின்றே பார்க்கச் சிறந்த இடங்களில் ஒன்று, டெக்சஸ் மாநிலம் ஃபோர்ட் வொர்த்தில் இருக்கும் ஏமன் கார்ட்டர் அமெரிக்கக் கலை அருங்காட்சியகம். மேற்கை வரைந்த ஓவியர்களான ஃபிரெடெரிக் ரெமிங்டன், சார்லஸ் ரசல் இருவரின் படைப்புகள் மட்டுமே இங்கே நானூறுக்கு மேல் உள்ளன. நுழைவுக் கட்டணம் கிடையாது.

உள்ளூர் நாளிதழ் அதிபரான ஏமன் கார்ட்டர் 1930களின் நடுவிலிருந்து வாங்கிச் சேர்த்தவை இவை. அவர் 1955இல் இறந்தார். உயிலில் எழுதி வைத்தபடி 1961இல் அருங்காட்சியகம் திறந்தது. கட்டடத்தை வடிவமைத்தவர் ஃபிலிப் ஜான்சன். 2001இல் நடந்த விரிவாக்கமும் அவருடையதே. முன்புறத் தூண்களைக் கிட்டப்போய்ப் பாருங்கள். கிளிஞ்சல்கள் அப்படியே படிந்து கிடக்கும் டெக்சஸ் சுண்ணாம்புக் கல் அது.

கூடத்துக்குள் போனதும் முதலில் படிக்க வேண்டியது ஓவியத்தின் பெயரை அல்ல, பக்கத்துப் பலகையில் உள்ள ஆண்டை. 1890ஆம் ஆண்டு மக்கள்தொகைக் கணக்கெடுப்பை வைத்து, மக்கள் குடியேறிய பகுதி எங்கே முடிகிறது என்று காட்டும் எல்லைக்கோட்டை இனி வரையவே முடியாது என அமெரிக்கக் கணக்கெடுப்பு அலுவலகம் அறிவித்துவிட்டது. ரெமிங்டனின் புகழ்பெற்ற படைப்புகளில் பெரும்பாலானவை அதற்குப் பிறகு வந்தவை. ரசலின் முக்கிய ஓவியங்களோ 1900க்குப் பிறகே குவிகின்றன. அதாவது, பார்ப்பவற்றில் பெரும்பகுதி நடப்பைப் பதிந்தது அல்ல, முடிந்துபோனதை நினைவிலிருந்து கட்டியெழுப்பியது. இதைத் தெரிந்துகொண்டு பார்த்தால் ஒவ்வொரு ஓவியமும் வேறாகத் தெரியும்.

அதிக நேரம் ஒதுக்க வேண்டியது ரெமிங்டனின் ‘எ டேஷ் ஃபார் த டிம்பர்’ ஓவியத்துக்கு. 1889இல் வரைந்தது, ஏறத்தாழ 123 செ.மீ. உயரம், 214 செ.மீ. அகலம். அப்பாச்சி பூர்வகுடி வீரர்களிடம் இருந்து தப்பி, மரக்கூட்டத்தை நோக்கி நம் முகத்துக்கு நேராகவே பாய்ந்து வருகிறார்கள் கௌபாய்கள். முதலில் ஐந்தாறு மீட்டர் தள்ளி நின்று பாருங்கள். குதிரைகள் ஒரே அலையாகக் கிளம்பி வருவது அந்தத் தொலைவில்தான் புரியும். பிறகு நெருங்கிப்போய்க் கால்களை மட்டும் கவனியுங்கள். அதற்கு முந்தைய ஓவியர்கள் பாயும் குதிரையை முன்கால் முன்னேயும் பின்கால் பின்னேயும் நீட்டியபடி வரைந்தார்கள். நான்கு கால்களும் வயிற்றுக்கு அடியில் மடங்கும்போதுதான் குதிரை அந்தரத்தில் இருக்கிறது என்பதை 1878இல் ஒளிப்படக்காரர் மைப்ரிட்ஜின் தொடர் ஒளிப்படங்கள் காட்டிவிட்டன. ரெமிங்டன் அந்தப் பாடத்தை முழுதாக எடுத்துக்கொண்டிருப்பது இங்கே தெரிகிறது. உடைகளிலும் அதே கண்டிப்பு. கௌபாய்கள் காலில் அணியும் தோல் ‘சாப்ஸ்’ உழைத்துத் தேய்ந்ததாகவே வேண்டும் என்று, அரிசோனாவில் பணியாற்றிய ராணுவ நண்பருக்குக் கடிதம் எழுதிக் கேட்டவர் அவர். பொருள் ஒவ்வொன்றும் உண்மை. அவற்றை வைத்து அமைத்த காட்சி மட்டும் நியூயார்க் ஓவியக்கூடத்தில் பிறந்த கற்பனை. ரெமிங்டனின் முறையே இதுதான்; அவர் ஓவியங்களை மக்கள் அப்படியே நம்பியதற்கும் இதுவே காரணம்.

மேற்கில் அவர் வாழ்ந்தது கொஞ்ச காலமே. நியூயார்க் மாநிலத்துக்காரர். 1883இல் கேன்சஸில் ஆட்டுப்பண்ணை ஒன்றை வாங்கி ஓராண்டில் விற்றுவிட்டார். பிறகு பத்திரிகைகளுக்காகப் போய் வந்த பயணங்கள்தான். அவருடைய கடிதங்களில் பூர்வகுடிகள் மீதும் புதிதாகக் குடியேறியவர்கள் மீதும் வெளிப்படையான வெறுப்பு இருக்கிறது. கௌபாயை வெள்ளை இன வீரனாக நிறுத்தும் அந்த ஓவியங்களின் முன் நிற்கும்போது இதையும் மனதில் வைத்திருக்க வேண்டும்.

எழுத்தும் ஓவியமும் கைகோத்த இடத்தைக் காட்டுவது 1895இல் வந்த ‘த ஃபால் ஆஃப் த கௌபாய்’. பனி மூடிய சமவெளி, சாம்பல் வானம், களைத்த இரண்டு குதிரைகள். கம்பி வேலியின் கதவைத் திறக்கக் குதிரையை விட்டு இறங்கி நிற்கும் ஒருவன். ஹார்ப்பர்ஸ் மாத இதழில் ஓவன் விஸ்டர் எழுதிய கட்டுரைக்காக வரைந்தது. குதிரையை விட்டு இறங்கும் அந்தச் சின்னச் செயலே ஓவியத்தின் பொருள். 1874இல் கிளிடன் காப்புரிமை பெற்ற முள்கம்பி திறந்த மேய்ச்சல் நிலத்தைத் துண்டு போட்டது. 1886–87 குளிர்காலம் மந்தைகளை அழித்தது. அத்தோடு கௌபாயின் தொழில் கூலிவேலையாகச் சுருங்கியது. விஸ்டரும் ஹார்வர்டில் படித்த, கிழக்கே பிலடெல்பியாவைச் சேர்ந்தவர்தான். 1902இல் அவர் வெளியிட்ட நாவல் பிற்காலக் கௌபாய்க் கதைகளுக்கெல்லாம் அச்சாக அமைந்தது. இருவரின் மேற்கும் ரயிலேறிப் போய்ப் பார்த்துவிட்டுத் திரும்பியவர்களின் மேற்கு.

ரசலின் ஓவியங்களை இதற்கு அடுத்தாகப் பார்ப்பதே நல்லது. செயின்ட் லூயிஸில் பிறந்து, 1880இல் பதினாறு வயதில் மொன்டானாவுக்குப் போய், அங்கேயே தங்கிவிட்டவர். இரவில் மந்தைக்குக் காவல் நிற்கும் வேலை, பகலில் ஓவியம். ஓவியப் பள்ளிப் பயிற்சி ஏறக்குறைய இல்லை என்பதால் ஆரம்பகால ஓவியங்களில் உடற்கூறு தடுமாறும். ஆனால் 1888இல் வரைந்த ‘லாஸ்ட் இன் எ ஸ்னோஸ்டார்ம்’ என்ற ஓவியத்தை ரெமிங்டனிடம் எதிர்பார்க்க முடியாது. பனிப்புயலில் வழி தவறிய கௌபாய்களுக்குப் பூர்வகுடிகள் சைகை மொழியில் திசை சொல்லும் காட்சி. ரெமிங்டனிடம் எதிரியாக வருபவர் இங்கே அந்த நிலத்தை அறிந்தவர். 1909இல் வந்த ‘இன் விதவுட் நாக்கிங்’, குதிரையோடே மதுக்கடைக்குள் ஏறும் கும்பலைக் காட்டுவது, முழுக்க வேடிக்கை. அதில் தரையில் சிதறிய சீட்டுகளையும் புட்டிகளையும் விடாமல் பாருங்கள். ரசலின் கையெழுத்துக்குக் கீழே சின்னதாக ஒரு எருமை மண்டையோடு இருக்கும். அது அவருடைய முத்திரை.

நிலக்காட்சிகளில் ஒன்றே ஒன்றுக்குத்தான் நேரம் என்றால் தாமஸ் மோரனின் 1874ஆம் ஆண்டு ஓவியமான ‘கிளிஃப்ஸ் ஆஃப் கிரீன் ரிவர்’ முன் நில்லுங்கள். செம்பாறைக் குன்றுகள், ஆறு, குதிரைகளில் பூர்வகுடிகள், எங்கும் அமைதி. வயோமிங்கின் கிரீன் ரிவருக்கு யூனியன் பசிபிக் ரயில் பாதை 1868லேயே வந்துவிட்டது. மோரனும் 1871இல் அந்த ரயிலில்தான் வந்து இறங்கினார். பாலம், தண்டவாளம், கடைகள், வீடுகள் என எல்லாமே அவர் கண்ணெதிரே இருந்தன. ஓவியத்தில் அவற்றில் ஒன்றுகூட இல்லை. ஜான் மிக்ஸ் ஸ்டான்லி 1850 வாக்கில் வரைந்த ஆரிகன் சிட்டி ஓவியம் இதற்கு நேர் எதிர். அதில் ஊர்தான் நடுவில். பூர்வகுடிகள் இருவர் ஓரத்துக்குத் தள்ளப்பட்டு நிற்கிறார்கள். இரண்டையும் ஒரே நாளில் பார்க்க வாய்ப்பது இந்த இடத்தின் பெரிய பலம்.

வெண்கலச் சிற்பங்களில் கைநுட்பம் தெரிந்தவர்களுக்குக் கூடுதல் விருந்து உண்டு. ரெமிங்டனின் ‘பிராங்கோ பஸ்டர்’ 1895இல் ஹென்றி-பொனார் பட்டறையில் மணல் அச்சில் வார்க்கப்பட்டது. 1900 முதல் அவர் ரோமன் பிரான்ஸ் ஒர்க்ஸ் பட்டறைக்கு மாறி மெழுகு வார்ப்புக்கு வந்தார். சுவாமிமலையில் சிலைகளை உள்ளே வெற்றிடம் இல்லாமல் திடமாக வார்ப்பார்கள். இவை உள்ளே கூடாக வார்த்தவை. மெழுகு வடிவத்தை ஒவ்வொரு வார்ப்புக்கும் முன்பு அவரே திருத்த முடிந்தது. அதனால்தான் ஒரே சிற்பத்தின் வெவ்வேறு பிரதிகளில் சாப்ஸ் ஒன்றில் வழவழப்பாகவும் இன்னொன்றில் கம்பளி மயிரோடும் இருக்கிறது. 1902இல் செய்த ‘கமிங் த்ரூ த ரை’ சிற்பத்தில் நான்கு குதிரைகளின் பதினாறு குளம்புகளில் ஆறு மட்டுமே தரையைத் தொடுகின்றன. சுற்றி நடந்து எண்ணிப் பாருங்கள். அத்தனை எடையையும் எந்த ஆறு கால்கள் தாங்குகின்றன என்று தேடும்போதுதான் வார்ப்பவரின் பாடு புரியும். ரோமன் பிரான்ஸ் ஒர்க்ஸின் பட்டறைக் கணக்கேடுகளும் இந்த அருங்காட்சியகத்தின் ஆவணக் காப்பகத்திலேயே இருக்கின்றன.

இந்தச் சிற்பங்களின் போலிகள் சந்தையில் ஏராளம். வெளியே எங்காவது வாங்க நினைப்பவர்களுக்கு ஒரு எளிய சோதனை உண்டு. முடிந்த வெண்கலத்திலிருந்து மறுபடி அச்செடுத்து வார்த்தால், உலோகம் குளிரும்போது சுருங்குவதால் பிரதி ஒன்றிரண்டு விழுக்காடு சிறுத்துவிடும். அறுபது செ.மீ. சிற்பத்தில் அது ஒரு செ.மீ. அளவு. கடிவாள வார், முகச் சுருக்கம் போன்ற நுணுக்கங்களும் மழுங்கிப்போகும். பட்டறை முத்திரையும் வார்ப்பு எண்ணும் கூட அச்சோடு சேர்ந்து பிரதியாகிவிடும் என்பதால் அவற்றை மட்டும் நம்பக் கூடாது.

ஏமாற்றம் தரக்கூடியது ஒன்று: தாளில் உள்ளவை எப்போதும் காட்சியில் இருக்காது. நீர்வண்ணமும் ஒளிப்படமும் வெளிச்சத்தில் நிறம் இழக்கும் என்பதால் சில மாதங்களே வெளியே வைத்து, பிறகு பல காலம் இருட்டில் வைத்துவிடுவார்கள். ரசலின் நீர்வண்ண ஓவியங்களோ 1847 வாக்கில் மெக்சிகோ போரின்போது எடுத்த டகரோடைப் படங்களோதான் நோக்கம் என்றால், கிளம்பும் முன் மின்னஞ்சலில் கேட்டுவிடுங்கள். டகரோடைப் என்பது தொடக்ககால ஒளிப்படம், கண்ணாடி போல மினுங்கும் வெள்ளி பூசிய செப்புத் தகடு. நேராக நின்றால் உங்கள் முகம்தான் தெரியும். கொஞ்சம் சாய்ந்து, கருநிற உடை அதில் படும்படி நின்றால் உருவம் துலங்கும்.

இரு ஓவியர்களை மட்டும் பார்த்துவிட்டு மேற்கைப் பார்த்துவிட்டோம் என்று வெளியேறினால் பார்வை குறைப்பட்டதே. மந்தை ஓட்டியவர்களில் ஏறக்குறைய நால்வரில் ஒருவர் கறுப்பினத்தவர் என்பது பரவலான மதிப்பீடு. கௌபாயின் சேணம், கயிறு, வேலைமுறை யாவும் மெக்சிகோ மாட்டுக்காரர்களிடம் இருந்து வந்தவை. ரயில் பாதை போட்ட சீனத் தொழிலாளர்களும் வீட்டைக் கட்டிக் காத்த பெண்களும் இந்த வீரக் காட்சிகளில் இடம் பெறவில்லை. மேரி ஹாலக் ஃபூட் 1888–89இல் செஞ்சுரி இதழுக்கு வரைந்து எழுதிய மேற்கு வேறு: வாய்க்கால், குழந்தை, காத்திருக்கும் மனைவி. பூர்வகுடிகள் தாங்களே வரைந்த மேற்கைக் காண, ஃபுளோரிடாவின் ஃபோர்ட் மேரியனில் 1875 முதல் 1878 வரை சிறைப்பட்டிருந்த சமவெளி வீரர்கள் கணக்கேட்டுத் தாள்களில் தீட்டியவற்றைத் தேடிப் பாருங்கள். ஸ்மித்சோனியன் சேகரிப்பில் அவை உள்ளன.

அன்றே பார்க்க வேண்டிய இன்னொரு இடம் ஊர் நடுவே மெயின் தெருவில் இருக்கும் சிட் ரிச்சர்ட்சன் அருங்காட்சியகம். சிறியது, அதுவும் இலவசம். ஒரு மணி நேரம் போதும். ரெமிங்டனின் கடைசி ஆண்டுகளின் இரவு ஓவியங்களுக்காகவே போகலாம். 1909இல் வரைந்த ‘த லக்லெஸ் ஹன்டர்’ ஓவியத்தில் நிலவொளியில் பனிமேல் தனியே போகும் பூர்வகுடி வேட்டைக்காரரைப் பாருங்கள். பச்சையும் நீலமுமான இருட்டு கண்ணுக்குப் பழக ஒரு நிமிடமாவது ஆகும். வார்னிஷ் பளபளப்பு தொந்தரவு செய்தால் பக்கவாட்டில் ஓரடி நகருங்கள். சண்டையும் பாய்ச்சலும் இல்லாத இந்த ரெமிங்டன்தான் பழைய ரெமிங்டனைவிட மேலான ஓவியர்.

ஏமன் கார்ட்டர் அருங்காட்சியகத்துக்குத் திங்கள் விடுமுறை. செவ்வாய் முதல் சனி வரை காலை 10 மணிக்குத் திறப்பார்கள், ஞாயிறு மதியம் 12 மணிக்கு. மூடுவது மாலை 5. வியாழன் மட்டும் இரவு 8 வரை உண்டு. விடுமுறை நாட்களில் மாற்றம் இருக்கலாம், இணையதளத்தில் சரிபாருங்கள். டல்லாஸ் புறநகர்களான இர்விங், பிரிஸ்கோ பக்கத்தில் இருப்பவர்களுக்குச் சாலை நெரிசல் இல்லையென்றால் அதிகம் போனால் ஒரு மணி நேரப் பயணம். டல்லாஸ்–ஃபோர்ட் வொர்த் (DFW) விமான நிலையத்திலிருந்து டெக்ஸ்ரயில் என்ற ரயில் ஃபோர்ட் வொர்த் மத்திய நிலையத்துக்கு வருகிறது. அங்கிருந்து சிட் ரிச்சர்ட்சனுக்கு நடந்தே போகலாம், கார்ட்டருக்கு வண்டி வேண்டும். ஜனவரி நடுவிலிருந்து பிப்ரவரி தொடக்கம் வரை பக்கத்து வில் ராஜர்ஸ் வளாகத்தில் கால்நடைக் கண்காட்சியும், அதை ஒட்டிய டிக்கீஸ் அரங்கில் ரோடியோ என்னும் கௌபாய்ப் போட்டிகளும் நடக்கும். அந்த வாரங்களில் கார் நிறுத்த இடம் கிடைப்பது பெரும்பாடு. கார்ட்டருக்கு இரண்டரை மணி நேரமாவது வையுங்கள். மீதி இருந்தால் கொஞ்ச தூரத்தில் கட்டடக் கலைஞர் லூயி கான் வடிவமைத்த கிம்பெல் கலை அருங்காட்சியகம் இருக்கிறது, அதன் நிரந்தரச் சேகரிப்புக்கும் கட்டணமில்லை.