எந்தக் கருவி வீட்டுக்குத் திருப்பிக் கொண்டுவரும்?

கிளிநொச்சியில் உயர்தரம் படிக்கும் பிள்ளைகள் சிலரோடு சேர்ந்து ஒரு விஞ்ஞானக் கதை எழுதி வருகிறேன். கதாநாயகி முல்லைத்தீவு மாவட்டத்து முத்தையன்கட்டுப் பிள்ளை. இணை உலகங்களுக்கு வாசல் திறக்கும் கருவி ஒன்று அவள் கைக்குக் கிடைக்கிறது. அது எப்படிப்பட்ட கருவி என்பதில்தான் எங்களுக்குள் வாக்குவாதம். அதனால் ஏற்கெனவே பெயர் பெற்ற கருவிகளை அருகருகே வைத்துப் பார்த்தோம். நான் கேட்பது இரண்டே கேள்வி. போனவரைச் சொந்த வீட்டுக்குத் திருப்பிக் கொண்டுவருமா? திறந்த வாசலை மூட முடியுமா? வேகம், தூரம், அழகு எல்லாம் அப்புறம்.

பிள்ளைகள் முதலில் கேட்டது போர்ட்டல் கன். 2013 இல் தொடங்கிய 'ரிக் அண்ட் மோர்ட்டி' கார்ட்டூன் தொடரில் ரிக் என்ற கிழவர் வைத்திருப்பது. பச்சைத் திரவத்தில் ஓடும் துப்பாக்கி. விசையை அழுத்தினால் சுவரிலோ தரையிலோ பச்சைச் சுழல் திறக்கும், ஆள் போன பிறகு தானாக மூடும். விரும்பிய உலகத்தைத் தெரிவு செய்யலாம், காத்திருக்கத் தேவையில்லை. வசதி என்று பார்த்தால் மற்ற எதுவும் இதற்குக் கிட்ட வராது.

ஆனால் அந்த வசதிதான் எனக்குப் பிரச்சினை. முதல் பருவத்தில் ரிக்கும் பேரனும் தங்கள் உலகத்தையே நாசமாக்கிவிடுகிறார்கள். திருத்த வழியில்லை என்றதும், தங்களைப் போன்ற இருவர் அப்போதுதான் செத்துப்போன இன்னோர் உலகத்துக்குத் தாவுகிறார்கள். அந்த உடல்களை வளவிலே புதைத்துவிட்டு அதே வீட்டில் அவர்களாக வாழத் தொடங்குகிறார்கள். பேரனின் முகத்தில் அந்த நேரம் தெரியும் அதிர்ச்சியை மறக்க முடியாது. மிக நல்ல எழுத்து. இருந்தாலும் ஒரு வீடு போனால் அதே மாதிரி இன்னொன்று உண்டு என்பதுதான் அந்தக் கருவியின் அடிப்படை. போரில் வீடு வாசல் இழந்த எங்கள் வன்னியில் அது எடுபடாது. போரில் இடம்பெயர்ந்தவர்களை வைத்திருந்த மெனிக் பாம் முகாம் 2012 இல் மூடப்பட்டபோது, முல்லைத்தீவின் கேப்பாப்புலவுக் கிராம மக்களைச் சொந்தக் காணிக்கு விடாமல் சீனியாமோட்டையில் குடியேற்றினார்கள். வேறு இடம் கிடைத்துவிட்டதே என்று அவர்கள் சும்மா இருக்கவில்லை. 2017 இல் வீதியோரத்தில் கொட்டகை போட்டு மாதக்கணக்கில் இருந்து தங்கள் காணியைத்தான் கேட்டார்கள்.

2007 இல் வால்வ் நிறுவனம் வெளியிட்ட 'போர்ட்டல்' கணினி விளையாட்டின் கருவியை ஒரு பிள்ளை மிகவும் பரிந்துரைத்தது. இரண்டு வாசல்களைத் திறந்து ஒன்றோடொன்று இணைக்கும் துப்பாக்கி அது. பௌதிகம் படிப்பவர்களுக்கு விருந்துதான்: ஒரு வாசலுக்குள் விழுந்த வேகத்தோடேயே மற்ற வாசலால் வெளியே பாயலாம். ஆனால் இரண்டு வாசலும் ஒரே உலகத்துக்குள். எங்கள் கதைக்கு உதவாது.

அடுத்தது 'ஸ்லைடர்ஸ்' தொடரின் டைமர். இணை உலகங்களுக்குள் தாவித் திரியும் நால்வரின் கதை. 1995 இல் வந்தது, பிள்ளைகள் கேள்விப்பட்டதே இல்லை. பழைய கைத்தொலைபேசி அளவில் ஒரு பெட்டி, அதில் நேரம் குறைந்துகொண்டே போகும். முதல் பயணத்திலேயே ஒரு பனிச்சூறாவளியிலிருந்து தப்புவதற்காக நேரம் முடியும் முன் வாசலைத் திறக்கிறார்கள். சொந்த உலகத்துக்கான வழி தொலைந்துவிடுகிறது. அதன் பிறகு எந்த உலகம் என்பது அவர்கள் கையில் இல்லை. எண்ணிக்கை முடியும்வரை அங்கே தாக்குப்பிடிக்க வேண்டும். அந்த நேரத்தைத் தவறவிட்டால் அடுத்த வாசலுக்கு 29 வருடம். (உலகங்களை இணைக்கும் இந்த வாசலைத் தொடர் ஐன்ஸ்டீன்-ரோசன்-பொடோல்ஸ்கி பாலம் என்று சொல்கிறது. 1935 இல் பாலம் பற்றி எழுதியது ஐன்ஸ்டீனும் ரோசனும்தான். பொடோல்ஸ்கி சேர்ந்த கட்டுரை அதே ஆண்டில் வந்தது, ஆனால் அது குவாண்டம் பற்றியது. சோதனைக்குப் படிப்பவர்கள் குழம்ப வேண்டாம்.)

இந்தக் கருவியைப் பற்றி நான் சொல்ல விரும்புவது ஒரு படலையின் கதை. இரண்டாம் பருவத்தில் ஓரிடத்தில் அவர்கள் தங்கள் வீட்டு வாசலுக்கே வந்துவிடுகிறார்கள். அது சொந்த உலகம்தானா என்று அறிய ஒரே வழி, எப்போதும் கிரீச்சிடும் படலையைத் தள்ளிப் பார்ப்பது. தள்ளுகிறார்கள். சத்தம் இல்லை. இது நம் வீடில்லை என்று வாசலுக்குள் பாய்ந்து போய்விடுகிறார்கள். பிறகுதான் தெரிகிறது, வேலைக்காரர் அந்தப் படலைக்கு எண்ணெய் போட்டிருக்கிறார். வீடு அதேதான்.

"ஆரையாவது ஒருக்கா கேட்டிருக்கலாமே சேர்" என்றாள் ஒருத்தி. கேட்க நேரம் இருக்கவில்லை. 2009 இல் போர் முடிந்த பிறகு ஊர் திரும்பி வந்தவர்களுக்கு இது புதிதல்ல. கூரை இல்லை, கதியால் வேலி இல்லை, ஒழுங்கை எது வளவு எது என்று தெரியாமல் பற்றை மூடிக் கிடந்தது. பலர் காணியை அடையாளம் கண்டது கிணற்றுக்கட்டை வைத்துத்தான். 29 வருடம் என்பதும் இங்கே கற்பனைக் கணக்கு இல்லை. 1984 இல் துரத்தப்பட்ட, முல்லைத்தீவுக் கரையோரத்துக் கொக்கிளாய், கொக்குத்தொடுவாய் மக்கள் ஊர் திரும்பியது போர் முடிந்த பிறகுதான்.

கடைசியாக, பிலிப் புல்மன் 1997 இல் எழுதிய 'தி சட்டில் நைஃப்' நாவலின் கத்தி. வில் என்ற பன்னிரண்டு வயதுப் பையன் காற்றிலே ஒரு பொருத்தைத் தேடி, கத்தி நுனியால் கீறி, வேறு உலகத்துக்குச் சாளரம் திறக்கிறான். மனம் ஒருமிக்க வேண்டும். ஒருமுறை தாயின் நினைவு குறுக்கிட்டதும் கத்தியே உடைந்துபோகிறது. முக்கியமானது, திறந்த சாளரத்தை அவன் தன் விரல்களால் ஓரத்தைச் சேர்த்து மூட வேண்டும். முன்பு கத்தியை வைத்திருந்தவர்கள் மூடாமல் விட்டுப்போன சாளரங்களால் உலகங்களிலிருந்து உயிர்ச்சத்து கசிந்துகொண்டிருக்கிறது. ஒவ்வொரு முறை வெட்டும்போதும் மனிதரின் மனத்தைத் தின்னும் ஒன்று பிறக்கிறது. ஒருவர் முழு ஆயுளும் நலமாக வாழக்கூடியது தன் சொந்த உலகத்தில் மட்டுமே.

நான்கில் மிகவும் ஆழமான கருவி இதுதான். யாரோ செய்துவிட்டுப் போனதை இன்னொருவர் பின்னால் வந்து கையால் சரிசெய்வதை நாங்கள் நேரில் பார்க்கிறோம். போர் முடிந்து பத்து வருடம் கடந்த பிறகும் பழைய போர்முனையான முகமாலையில் பெண்களும் ஆண்களும் முழங்காலில் இருந்து மண்ணைக் கிளறி மிதிவெடி எடுத்தார்கள்.

ஆனால் அந்தக் கத்திக்கு உரியவன் என்பதற்கு அடையாளமாக வில் தன் இடக்கையில் இரண்டு விரல்களை இழக்கிறான். அதைப் பெருமையின் சின்னமாக எங்கள் பிள்ளைகளுக்கு எழுதிக்கொடுக்க என்னால் முடியாது. இங்கே கை கால் இழந்தவர்கள் எல்லாத் தெருவிலும் இருக்கிறார்கள். அவர்கள் எதற்கும் தெரிவாகவில்லை, காயப்பட்டார்கள்.

ஆகவே எங்கள் தெரிவு டைமர், கத்தியின் ஒரு விதியோடு. வாசல் எண்ணிக்கைப்படி திறக்கும். மூடுவது கதாநாயகியின் வேலை, மூடாமல் அடுத்த உலகத்துக்குப் போக முடியாது. வீட்டை அறிய அவளுக்குக் கொடுத்திருக்கும் அடையாளம் கிணறு. நேரம் தவறினால் எவ்வளவு காலம் என்பதில் மட்டும் இழுபறி. ஐந்து வருடம் போதும் என்கிறார்கள் பிள்ளைகள். 29 ஐக் குறைக்க நான் சம்மதிக்கவில்லை.