பத்துப் பேர் கல்யாணம்: கோத்தகிரியா, கொடைக்கானல் மேல்மலையா?

ஊட்டியை முதலிலேயே கழித்துவிடுகிறேன். மண்டபம் வேண்டாம், நெருங்கிய பத்துப் பேர் முன்னால் வெட்டவெளியில் தாலி கட்டினால் போதும் என்பவர்களுக்கு அங்கே கூட்டமே பெரிய தொல்லை. தை மாத விடியலில் உறைபனி வேறு. மிஞ்சுவது இரண்டு: நீலகிரியில் கோத்தகிரிப் பக்கம், பழனி மலையில் கொடைக்கானலைத் தாண்டிய பூம்பாறை, மன்னவனூர் என்கிற மேல்மலைப் பக்கம்.

காட்சியில் இரண்டும் இரண்டு குணம். கோத்தகிரியை அடுத்த கோடநாட்டில் மலை சட்டென்று முடிந்து, கீழே மோயாறு வளைந்து ஓடும் வறண்ட காடும், நடுவில் பச்சைத் துண்டாகத் தெங்குமரஹாடா கிராமமும் தெரியும். தேயிலைக்குப் பக்கத்திலேயே காய்ந்த பூமி, படத்துக்கு அபாரம். மன்னவனூரில் அந்த மிரட்டல் கிடையாது. புல்மேடு, ஏரி, ஆட்டுப் பண்ணை, சாந்தமான இடம். பூம்பாறையில் படிப்படியாக இறங்கும் பூண்டு வயல்களும் குழந்தை வேலப்பர் கோயிலும் இருக்கின்றன. சாமி சந்நிதி வேண்டும் என்கிற வீட்டுக்கு அதுவே தோது.

ஆனால் முடிவு செய்ய வேண்டியது காட்சியை வைத்து அல்ல, மாதத்தை வைத்து. ஐப்பசி, கார்த்திகையில் வடகிழக்குப் பருவமழை இரண்டு மலையையும் போட்டுத் தாக்கும். 2009 நவம்பரில் நீலகிரி நிலச்சரிவு எத்தனை உயிர்களைக் கொண்டுபோனது என்பது அந்தப் பக்கத்தாருக்கு மறக்காது. அந்த இரண்டு மாதமும் வேண்டவே வேண்டாம். வைகாசியில் முகூர்த்தம் நிறைய, ஆனால் கோடை விடுமுறைக் கூட்டமும் மலையேறும் வண்டிகளுக்கான இ-பாஸும் சேர்ந்துகொள்ளும். 2025 கோடையில் நீலகிரிக்கு வார நாளில் 6,000, வார இறுதியில் 8,000 வண்டி என்று வரம்பு. கொடைக்கானலுக்கு 4,000, 6,000 தான். மாமா வண்டிக்குப் பாஸ் கிடைக்காமல் முகூர்த்தம் தவறினால் என்ன செய்வது? அரசுப் பேருந்துக்குப் பாஸ் தேவையில்லை என்பது ஒரு ஆறுதல்.

ஆவணிதான் வித்தியாசம் காட்டும். தென்மேற்குப் பருவமழை நீலகிரியின் மேற்கே அவலாஞ்சியில் கொட்டும். 2019 ஆகஸ்டில் ஒரே நாளில் 80 செ.மீக்கு மேல் பதிவான இடம் அது. கோத்தகிரி, மலையின் கிழக்கு மறைவில் இருப்பதால் அவ்வளவு வராது, பெரும்பாலும் தூறலோடு போய்விடும். கொடைக்கானலில் காலையில் வெயில் அடித்தாலும் மதியத்துக்குள் மேகம் இறங்கி எதிரில் நிற்கிற ஆளே மங்கிவிடலாம். ஆக, ஆவணிக்குக் கோத்தகிரி. தை, மாசிக்கு எந்த மலையும் சரி. ஸ்வெட்டருக்கு மேல் மாலை போட மணப்பெண் சம்மதிக்க வேண்டும், அவ்வளவுதான்.

அப்புறம் இடம். சோலை, பைன் காடு, புல்வெளி என்று கண்ணுக்குப் பிடிப்பதில் பெரும்பகுதி வனத்துறையுடையது. அங்கே ஹோமம், மைக், ட்ரோன் எதையும் நினைக்காதீர்கள். கோத்தகிரியில் சிறு தேயிலை விவசாயிகள் அதிகம், தனியார் தோட்டங்களில் தங்கும் வீடுகளும் உண்டு. உரிமையாளர் சரியென்றால் வேலை முடிந்தது. ஆனால் தேயிலைக்கு நடுவில் மணமேடை என்ற ஆசையை விட்டுவிடுங்கள். பாத்தி இடைவெளியில் இருவர் சேர்ந்து நடக்க முடியாது, செடியின் பனியில் பட்டுப்புடவைக் கரை முழங்கால் வரை நனைந்துவிடும். வீட்டு முன்னால் புல்தரை இருக்கிறதா என்று கேளுங்கள். மேல்மலையில் தோட்ட வேலிக்கு அடுத்தே காடு தொடங்கிவிடுவதால், பட்டா எல்லை எதுவரை என்று கேட்டுக்கொள்வது நல்லது. காட்டுமாடு இரண்டு ஊரிலும் வரும். அது அழைப்பு எதிர்பார்க்காது.

ஹோமம் உண்டென்றால் விராட்டியும் சுள்ளியும் கீழேயிருந்தே கட்டி வாருங்கள். மலையில் வாங்கும் விறகில் ஈரம் கோத்திருக்கும். நெய் ஊற்ற ஊற்றப் புகைதான் வரும், ஐயர் இருமுவார். பூ விஷயத்தில் கொடைக்கானலுக்கே மார்க். கொடை ரோடு ரயில் நிலையத்திலிருந்து வத்தலக்குண்டு போகிற வழியிலேயே நிலக்கோட்டைப் பூச்சந்தை. தையில் மல்லிகை விளைச்சல் குறைந்து விலை ஏறிவிடும், சம்பங்கியில் சமாளிக்கலாம். கோத்தகிரிக்காரர்கள் மேட்டுப்பாளையத்திலேயே வாழையிலையையும் ஏற்றிக்கொள்ளட்டும்.

உறவு மதுரை, திண்டுக்கல் பக்கம் என்றால் கொடைக்கானல். கோவை, ஈரோடு என்றால் கோத்தகிரி. இரண்டும் இல்லையென்றால் என் ஓட்டு கோத்தகிரிக்கு. மேட்டுப்பாளையத்திலிருந்து 33 கிலோமீட்டர்தான், வயதானவர்களுக்கு வளைவுகளில் தலைசுற்றல் குறையும். குறிஞ்சி பூக்கிற சமயத்தில்தான் என்று அடம்பிடிக்கிறவர்கள் 2030 வரை காத்திருக்கலாம். 2018-க்கு அப்புறம் அடுத்த முறை அப்போதுதான்.

சட்டம் மலைக்கு மலை மாறாது. இருவரும் இந்துக்கள் என்றால் சுயமரியாதைத் திருமணத்துக்கு இந்து திருமணச் சட்டத்தில் 7ஏ பிரிவு இருக்கிறது. ஐயரும் வேண்டாம், அக்கினியும் வேண்டாம், மாலையோ மோதிரமோ மாற்றினால் செல்லும். வேறு வேறு மதம் என்றால் சிறப்புத் திருமணச் சட்டத்தின்படி ஒருவர் 30 நாள் வசித்த மாவட்டத்தில்தான் நோட்டீஸ் கொடுக்க முடியும், அதற்கப்புறம் இன்னொரு 30 நாள். அதைச் சொந்த ஊரில் முடித்துவிட்டு மலைக்கு மாலையோடு மட்டும் போங்கள். சடங்கு முறையிலோ சுயமரியாதை முறையிலோ செய்தால் 90 நாளுக்குள் பதிவு செய்துவிட வேண்டும். சாட்சிக் கையெழுத்துப் போடப்போகிறவர்களை அடையாள அட்டையோடு வரச் சொல்லிவிடுங்கள்.