யூரி மங்கா தொகுப்புகள்: ஆங்கிலத்தில் எதை முதலில் வாசிக்கலாம்?

பெண்களுக்கிடையிலான காதலைப் பேசும் ஜப்பானியச் சித்திரக்கதைகளான யூரி மங்காவில் ஆங்கிலத்துக்கு வருபவை பெரும்பாலும் தொடர்கதைகளே என்பதால், பல படைப்பாளிகளின் சிறுகதைகளை ஒரே நூலில் தரும் தொகுப்புகள் தனிக் கவனத்துக்கு உரியவை. அவற்றை ஒப்பிடும்போது, சில பக்கங்களுக்குள் கதை தன்னளவில் நிறைவு பெறுகிறதா, அல்லது ஏதோ ஒரு தொடரின் முதல் அத்தியாயம்போல் பாதியில் அறுந்து நிற்கிறதா என்பதையே முதன்மையான அளவுகோலாகக் கொள்கிறேன்.

கடோகாவா நிறுவனம் 2016இல் ஜப்பானில் வெளியிட்டு, யென் பிரஸ் 2018இல் ஆங்கிலத்தில் கொண்டுவந்த 'எக்லேர்' ஓவியத் தரத்தில் முன்னிற்கிறது. நகதானி நியோ, கன்னோ போன்ற பெயர் பெற்ற கலைஞர்களின் கோடுகளை அருகருகே வைத்துப் பார்க்கும் வாய்ப்பே அதன் பெரும் கவர்ச்சி. பிளான்ஷ், புளூ, ரூஜ், ஆரஞ்ச் என்று மேலும் 4 நூல்கள் அதைத் தொடர்ந்து வந்தன. எனினும் பொதுக் கருப்பொருள் ஏதும் இல்லாததால் கதைகளின் தரம் ஏறி இறங்குகிறது. காதலைச் சொல்லத் தயங்கும் கணத்திலேயே நின்றுவிடும் பள்ளிக்கூடக் கதைகளை அடுத்தடுத்து வாசிக்கையில் ஒரு களைப்பும் சேர்கிறது.

செவன் சீஸ் வெளியிட்ட 'சிரப்' வரிசையின் முதல் தொகுதியும், யென் பிரஸின் 'வென்எவர் அவர் ஐஸ் மீட்' தொகுப்பும் வேலைக்குச் செல்லும் பெண்களைக் களமாகக் கொண்டவை. என் கணிப்பில் இந்தக் கட்டுப்பாடே அவற்றின் பலம். அலுவலகம், வாடகை வீடு, முன்பு முறிந்துபோன ஓர் உறவு ஆகியவை பாத்திரங்களுக்கு ஏற்கெனவே ஒரு வாழ்க்கையைத் தந்துவிடுவதால், முதல் பக்கத்திலேயே கதை நடுவிலிருந்து தொடங்க முடிகிறது. இவ்விரண்டில் உடல்சார்ந்த நெருக்கத்தைக் கூடுதல் துணிவோடு காட்டுவது 'சிரப்'. மற்றதோ மென்மையானது, எனக்கு அதுவே நெருக்கமானது.

இவற்றுக்கெல்லாம் மூத்தது, எரிக்கா ஃப்ரீட்மனின் ஏ.எல்.சி. பதிப்பகம் 2003இல் தொடங்கிய 'யூரி மோனோகதாரி'. தகாஷிமா ரிக்கா, மோரிஷிமா அகிகோ போன்ற ஜப்பானியரோடு பிற நாட்டுப் படைப்பாளிகளுக்கும் இடமளித்த இவ்வரிசையில் ஓவியம் சில இடங்களில் கரடுமுரடாக இருப்பது உண்மையே. ஆயினும் தம்மைப் பெண்களை நேசிக்கும் பெண்களாகவே அறிந்து, அந்த அறிதலோடு வாழும் பாத்திரங்களை, பிந்தைய தொகுப்புகள் பலவும் தொடத் தயங்கிய நேர்மையோடு அது முன்வைத்தது. அதற்காகவே ஓவியக் குறைகளைப் பொருட்படுத்தாமல் அதைத் தேடி வாசிக்கலாம் என்பேன். பழைய பிரதிகளைத்தான் நாட வேண்டியிருக்கும் என்பதால், யூரிக்குப் புதியவர்கள் 'வென்எவர் அவர் ஐஸ் மீட்' தொகுப்பில் தொடங்கி, ஓவியத்தில் நாட்டம் இருந்தால் 'எக்லேர்' முதல் நூலை அடுத்து எடுப்பது நல்லது.