82 ஆட்டங்களில் எத்தனையைத் தாண்டலாம்?

அமெரிக்கக் கூடைப்பந்து லீக்கான என்பிஏ-வை வைத்துச் செய்த என்பிஏ 2கே வீடியோ கேமை ஆடுகிறவர்களிடம் ‘ஒரு சீசன் முடிக்க எத்தனை நாள் ஆகும்?’ என்று கேட்டுப் பாருங்கள். பாதிப் பேர் சிரிப்பார்கள். மீதிப் பேர் முழுசாக முடித்ததே இல்லை என்பார்கள். கணக்கு அப்படி. ஓர் அணிக்கு ஒரு சீசனில் 82 ஆட்டம். நிஜத்தில் போலவே நான்கு குவார்ட்டருக்கும் தலா 12 நிமிடம் வைத்தால், ஃபவுல், டைம் அவுட், ஃப்ரீ த்ரோ எல்லாம் சேர்ந்து என் கையில் ஓர் ஆட்டம் ஒன்றேகால் மணி நேரம் பிடிக்கிறது. 82 ஆட்டத்துக்கு நூறு மணி நேரத்துக்கு மேல். ராத்திரி சாப்பிட்டபின் ஒரு மணி நேரம் கிடைக்கிற ஆளுக்கு அது மூன்று மாதம், அதுவும் சீசனுக்குப் பின் வரும் பிளேஆஃப் சுற்று தொடங்குவதற்கு முன்பே.

ஆகவே எல்லோரும் எதையோ ஆடாமல் தாண்டத்தான் செய்கிறோம். எங்கே, எப்படித் தாண்டுகிறோம் என்பதில்தான் வித்தியாசம்.

முதல் வழி, எதையும் தாண்டாமல் எல்லாவற்றையும் சுருக்குவது. குவார்ட்டரை 5 அல்லது 6 நிமிடமாக்கிவிட்டால் முக்கால் மணி நேரத்துக்குள் ஆட்டம் முடிந்துவிடும். கௌரவமான வழிதான். ஆனால் அணியையே நடத்தும் மைஎன்பிஏ மாதிரியான மோடில் இதற்கு ஒரு வால் உண்டு. நீங்கள் ஆடுவது 24 நிமிட ஆட்டம். மற்ற அணிகள் ஆடுவதைக் கணினி 48 நிமிட ஆட்டமாகக் கணக்குப் போடுகிறது. சீசன் பாதியில் அதிகப் புள்ளி எடுத்த வீரர்கள் பட்டியலைத் திறந்தால், எவனோ ஒருவன் சராசரி 31 வைத்திருக்க, உங்கள் நட்சத்திர வீரர் 14-ல் நொண்டிக்கொண்டிருப்பார். இப்படிக் கணினியே கணக்குப் போட்டு முடிக்கும், அதாவது சிமுலேட் ஆகும் ஆட்டங்களின் குவார்ட்டர் நீளத்தையும் அமைப்பில் குறைக்கலாம். குறைத்தால் லீக் முழுக்கவே எண்கள் குள்ளமாகிவிடும். நிஜ என்பிஏ வீரர் ரஸ்ஸல் வெஸ்ட்புரூக் 2016-17 சீசனில் சராசரியாக 31.6 புள்ளி, 10.7 ரீபவுண்ட், 10.4 அசிஸ்ட் எடுத்தாரே, அந்த மாதிரி ஒன்றைத் துரத்த வேண்டும் என்று உட்காருகிறவருக்கு இந்த வழி உதவாது. ஆட்டம்தான் முக்கியம், ஏட்டில் என்ன எழுதியிருந்தால் என்ன என்பவருக்கு நல்லது. அவ்வளவுதான்.

இரண்டாவது, காலண்டரைத் திறந்து ஒரு தேதியைத் தொட்டு, அதுவரை உள்ள ஆட்டங்களை மொத்தமாகச் சிம் செய்வது, அதாவது நாம் ஆடாமல் கணினியையே முடிக்க விடுவது. பெரும்பாலோர் செய்வது இதுதான், பெரும்பாலோர் ஏமாறுவதும் இதில்தான். ஒரே ஒரு வீரரை உருவாக்கி வளர்க்கும் மைகரியர் மோடில், பந்தை நடத்தும் பாயின்ட் கார்டான என் ஆளுக்கு அது முதல் சீசன், திறமை மதிப்பெண்ணான ரேட்டிங் அறுபதுகளில். சாக்ரமென்டோ அணியைத் தேர்ந்தெடுத்திருந்தேன். 16 சீசன் பிளேஆஃப் பக்கமே போகாமல் கிடந்து 2023-ல்தான் உள்ளே வந்த அணி, அந்தப் பரிதாபத்தால். இருபது ஆட்டம் ஆடிச் சராசரி 24 புள்ளி வைத்திருந்தேன். ஒரு ஞாயிறு ராத்திரி, பெரிய அணி ஒன்றோடு மோதும் தேதிக்குப் போய்ச்சேரும் அவசரத்தில், நடுவில் இருந்த பன்னிரண்டு ஆட்டத்தைச் சிம் செய்தேன். திரும்பிப் பார்த்தால் சராசரி 17. அந்தப் பன்னிரண்டில் என் ஆள் ஆட்டத்துக்கு ஐந்தும் ஆறுமாகப் பொறுக்கியிருக்கிறான்.

அப்போது கணினியைத் திட்டினேன். பிறகு யோசித்தால் அது செய்ததில் தப்பே இல்லை. சிமுலேஷனுக்கு என் கை தெரியாது. ரேட்டிங் என்ன, இந்த வீரருக்குச் சுடும் பழக்கம் எவ்வளவு, கோச் எத்தனை நிமிடம் தருகிறார் என்பதுதான் அதற்குத் தெரியும். அறுபத்துச் சொச்சம் ரேட்டிங் உள்ள புதுப்பையன் நிஜ லீக்கில் ஆடினால் ஐந்து புள்ளிதான் எடுப்பான். 24 எடுத்தது அவன் இல்லை, பட்டனைச் சரியான நொடியில் விட்ட என் விரல். சிம் செய்யும்போது விரலைக் கழற்றி வைத்துவிட்டு ஆளை மட்டும் அனுப்புகிறோம்.

இதை உல்டாவாகவும் பாருங்கள். ஐந்தாறு சீசன் கழித்து அதே ஆள் 92-ல் நிற்கும்போது சிமுலேஷன் அவனை ராஜா மாதிரி நடத்தும். எனக்குக் கை நடுங்கும் நாளில்கூட அவனுக்கு நடுங்காது. என் அனுபவத்தில் எண்பதுகளின் நடுவில் எங்கோ தராசு சமமாகிறது. அதற்குக் கீழே ஆடினால் லாபம், மேலே சிம் செய்தாலும் நஷ்டமில்லை. ஆனால் ஆரம்பத்தில்தான் நமக்குப் பொறுமை குறைவு, ஆரம்பத்தில்தான் ஆட்டங்களைத் தள்ளிவிடத் தோன்றும். சிம் செய்த ஆட்டத்துக்கு கேமுக்குள் செலவழிக்கும் காசான விசி கிடையாது, ஆளுக்குத் தனித்திறமை தரும் பேட்ஜும் வளராது. வளர வேண்டிய வயதில் ஆட்டத்தைத் தாண்டுவது விதைநெல்லைக் குத்திச் சமைக்கிற வேலை.

மூன்றாவது வழியை யாரும் ‘தாண்டுவது’ என்று நினைப்பதே இல்லை. ஆட்டத்துக்குள் இருக்கிறோம். கோச் நம்மை வெளியே எடுக்கிறார். பெஞ்சில் உட்கார்ந்ததும், மறுபடி களமிறங்கும்வரை தள்ளிவிடலாமா என்று திரை கேட்கிறது. எல்லோரும் அழுத்துவோம். வேறெப்படி, உட்கார்ந்திருக்கிறவன் முகத்தையா பார்த்துக்கொண்டிருப்பது?

என் கணிப்பில் இருப்பதிலேயே மோசமான வழி இது. காலண்டர் சிம்மைவிட மோசம். 6 நிமிடக் குவார்ட்டர், மூன்றாவதில் ஒன்றரை நிமிடம் மீதி. 58-45, நாங்கள் மேலே. எதிரணியின் கார்டை மூன்று குவார்ட்டராக மூச்சு விடாமல் காவல் காத்திருந்தேன், ஸ்டாமினா பட்டை சிவந்திருந்தது. கோச் கூப்பிட்டார். அழுத்தினேன். கண்ணை மூடித் திறப்பதற்குள் நான்காம் குவார்ட்டர், 3:05 மீதி, 62-64. நாலரை நிமிட ஆட்டத்தில் நாங்கள் நான்கு, அவர்கள் பத்தொன்பது. யார் போட்டார்கள்? நான் காத்த அந்தக் கார்டா, மூலையிலிருந்து மூன்று புள்ளி எறிகிற வேறொருவனா? எங்கள் சென்டர் ஐந்தாவது ஃபவுலோடு உட்கார்ந்திருக்கிறாரா? ஒன்றும் தெரியாது. மூன்றே நிமிடத்தில் அதைக் கண்டுபிடித்துச் சரிசெய்தும் தீர வேண்டும்.

முழு ஆட்டத்தைச் சிம் செய்தால் தோல்வி ஒரு வரியில் முடிந்துவிடும், மனசு பெரிதாக வலிக்காது. இதில் பார்க்காத படத்துக்கு கிளைமாக்ஸ் எழுதச் சொல்கிறார்கள். அதற்குப் பிறகு பெஞ்சில் இருக்கும்போது ஆட்டத்தை ஓடவிட்டுப் பார்க்கப் பழகினேன். ஓர் ஆட்டத்துக்குக் கூடுதலாகப் பத்து நிமிடம் போகிறது. கொட்டாவி வருகிறது, மறுப்பதற்கில்லை. ஆனால் இறங்கும்போது யாரை அமுக்க வேண்டும் என்று தெரிந்து இறங்குகிறேன்.

நான்காவது, மைஎன்பிஏ பக்கம் உள்ள சிம்காஸ்ட். எனக்கு மிகவும் பிடித்தது இது. ஆட்டம் எண்களாக ஓடும். யார் போட்டார், யாருக்கு எத்தனை ஃபவுல், ஸ்கோர் எப்படி நகர்கிறது என்று கண்முன் மாறிக்கொண்டே வரும். வேகத்தைக் கூட்டலாம், குறைக்கலாம், ஆட்களை மாற்றலாம். நிலைமை கைமீறும்போது அந்த நொடியிலேயே ஆட்டத்துக்குள் குதித்து கன்ட்ரோலரைப் பிடிக்கலாம். பெஞ்ச் சிம்மில் எனக்குக் குறையாகப் பட்டது எதுவோ அது இங்கே இருக்கிறது: நடந்தது தெரிந்தபின் இறங்குகிறோம். கடைசி இரண்டு நிமிடத்தை மட்டும் ஆடி ஒரு சீசனை முடித்தவர்கள் இருக்கிறார்கள், நானும் ஒருவன். 2கே23-ல் வந்த பழைய சகாப்தங்களை, அதாவது 1983, 1991, 2002 ஆண்டுகளிலிருந்து லீக்கைத் தொடங்கும் வசதியை, அனுபவிக்க இதைவிடப் பொருத்தமான வழி இல்லை. அங்கே வருடங்கள் உருள்வதைப் பார்ப்பதுதானே சுகம்.

கஷ்டம் என்னவென்றால் இது ஓர் ஆளை வளர்க்கும் மோடு இல்லை. 2கே10-ல் மை பிளேயர் என்று தொடங்கியதிலிருந்து இன்றைய மைகரியர் வரை, நம்மை இழுப்பது ‘இவன் என் ஆள்’ என்ற ஒட்டுதல். சிம்காஸ்ட்டில் உட்காருகிறவர் மேனேஜர். அது வேறு போதை.

சரி, மைகரியரில் இருப்பவர் என்னதான் செய்வது? மொத்தமாகச் சிம்மை விலக்கவும் முடியாது. கரீம் அப்துல் ஜப்பாரின் வாழ்நாள் சாதனையான 38,387 புள்ளிகளை லெப்ரான் ஜேம்ஸ் தாண்டியது 2023 பிப்ரவரியில், தன் இருபதாவது சீசனில். நம் ஆளும் அதை எட்ட, வருடத்துக்கு 75 ஆட்டம், ஆட்டத்துக்கு 30 புள்ளி என்று போட்டாலும் பதினேழு சீசனுக்கு மேல் வேண்டும். நூறு மணி நேரத்தால் பெருக்கிப் பார்த்துவிட்டு அந்த ஆசையைப் பேசுங்கள்.

நான் கைக்கொண்டிருப்பது நிஜ லீக்கிலிருந்து இரவல் வாங்கிய விதி. நட்சத்திரங்கள் ஓய்வு என்று சொல்லி ஆட்டங்களைத் தவிர்ப்பது அதிகமானதால், 2023-24 முதல், சீசனின் சிறந்த வீரருக்கான எம்விபி மாதிரியான பெரிய விருதுகளுக்குக் குறைந்தது 65 ஆட்டம் ஆடியிருக்க வேண்டும் என்று என்பிஏ வைத்தது. அப்படியென்றால் ஒரு சீசனில் தாண்ட அனுமதி 17. அடுத்தடுத்த இரவுகளில் ஆட்டம் வைக்கும் பேக் டு பேக் ஓர் அணிக்கு இப்போதெல்லாம் ஏறத்தாழ 14, 15 முறை வருகிறது. அதில் இரண்டாம் இரவைச் சிம் செய்தால் களைத்த ஆள் ஓய்வெடுத்த மாதிரியும் ஆயிற்று, கணக்கும் கிட்டத்தட்ட ஒத்துப்போகிறது. மீதி இரண்டு மூன்று வீட்டில் விருந்தாளி வரும் நாளுக்கு. மைகரியரில் ரேட்டிங் எண்பத்தைந்தைத் தொடும்வரை அந்தப் பதினேழையும் தொடுவதில்லை.

இந்த சீசனில் என் ஆள் 87. ஜனவரி நடக்கிறது, பதினொன்று செலவாகிவிட்டது, கையில் ஆறு. நாளை டென்வரில் இரண்டாம் இரவு. சிம் செய்ய வேண்டியதுதான். ஆனால் முதல் இரவு ஆட்டத்தில் அவன் 41 போட்டிருக்கிறான், கை சூடாக இருக்கிறது.