சிவப்பு பிக்மெண்ட் (பிளாஸ்டிக்ல கலக்குற நிறப்பொடி) வாங்குறவங்க உஷார், எனக்கு 42,000 போச்சு

மும்பை தாராவில சின்னதா ஒரு பிளாஸ்டிக் மோல்டிங் யூனிட் வெச்சிருக்கேன். மாடித் தோட்டத்துக்கு சிவப்புத் தொட்டி ஆர்டர் வந்துச்சு. வெயில்லயே கிடக்கப் போற சாமான், மலிவு சிவப்பு போட்டா சீக்கிரமே வெளுத்துரும், அதனால பிக்மெண்ட் ரெட் 254 தான்னு முடிவு பண்ணேன் (கார் பெயிண்ட்ல போடுற ஜாதி, வெயிலுக்கும் சூட்டுக்கும் அசையாது, விலையும் அப்பிடித்தான்).

மொத்த வியாபாரிங்களைக் காட்டுற ஒரு ஆப்ல ஒருத்தன் சிக்கினான். என் ஹிந்தியைக் கேட்டதுமே "அண்ணாச்சி தமிழா? எனக்கும் திருநெல்வேலி பக்கம்தான்"னான். அங்கயே விழுந்துட்டேன். 100 கிராம் சாம்பிள் அனுப்பினான், ஓட்டிப் பாத்தா கண்ணுல ஒத்திக்கலாம், அப்பிடி ஒரு நிறம். பில் இல்லாம எடுத்தா 18 பர்சென்ட் ஜிஎஸ்டி மிச்சம்னான், நானும் ஆசைப்பட்டு கிலோ 2,100னு 20 கிலோவுக்கு, ஆப்புக்கு வெளிய, நேரா அவன் யுபிஐக்கே 42,000 அனுப்பித் தொலைச்சேன்.

சரக்கு வந்துச்சு. மெஷின்ல பிளாஸ்டிக் உருகுற பேரல் 230 டிகிரில, மொத தொட்டியே செங்கல் கலர்ல விழுது, ஈரத் துணியால தொடைச்சா துணி ரோஸ் ஆகுது. பக்கத்து யூனிட்டு பெரியவர், இங்க் கம்பெனில வேலை பாத்தவர், ஒரு சிட்டிகையை ஸ்பிரிட்ல போட்டுக் குலுக்கினார். நல்ல பிக்மெண்ட்னா கரையாம அடியில தங்கிரும், மேல தெளிஞ்சு நிக்கும். இது முழுசா ரோஸ் ஆயி, வெயில்ல காட்டினா ஆரஞ்சா மினுங்குது. "ரோடமின் மாதிரி ஏதோ சாயம் தம்பி இது"ன்னார். அடியில தங்குன வெள்ளைல வினிகர் விட்டா புஸ்ஸுனு நுரைக்குது. சுண்ணாம்புக்கல் பொடி! கிலோ 2,100 குடுத்து சாக்பீஸ் வாங்கிருக்கேன்.

போன் பண்ணா "உங்க மிக்ஸிங்ல தப்பு அண்ணாச்சி". அப்புறம் "லேப் ரிப்போர்ட் அனுப்புங்க". அப்புறம் "ஊர்ல துக்கம், திங்கக்கிழமை பேசுறேன்". இப்ப ப்ளூ டிக் மட்டும்தான். ஆப்காரங்களோ வெளிய கட்டின பணத்துக்கு நாங்க பொறுப்பில்லனு ஒரே மெசேஜை மூணு தடவை அனுப்புறாங்க. 42,000ங்க! சைபர் க்ரைம் ஹெல்ப்லைன் 1930ல கம்ப்ளெயிண்ட் குடுத்திருக்கேன், பில் எங்கனு கேட்டா என்ன சொல்லுவேன்.

எப்பிடி செக் பண்றதுனு விவரமா எழுதலாம்னுதான் உக்காந்தேன், கை நடுங்குது. சாம்பிளை நம்பாதீங்க, வந்த மூட்டைல இருந்தே எடுத்து ஸ்பிரிட்ல போட்டுப் பாருங்க. பில்லு வாங்குங்க. ஊர்ப் பேரைச் சொன்னா போனை வெச்சிருங்க.

தொட்டி பார்ட்டி மறுபடி கூப்பிடுறாரு, என்ன சொல்றதுனே தெரியல.