இரண்டு ஹூலா ஆசான்கள்: இயோலானி லுவாஹினேவும் மைக்கி ஐயு லேக்கும்

ஹூலா ஹவாயின் மரபு நடனம். அதைக் கற்றுத் தருபவரை அங்கே குமு ஹூலா என்பார்கள். 'குமு' என்றால் ஆசான். மரத்தின் அடிப்பகுதிக்கும் அதே சொல்தான்.

இயோலானி லுவாஹினே 1915இல் நாப்போஓபோஓ என்ற ஊரில் பிறந்தார். கலாகாவா மன்னரின் அரசவையில் ஆடிய பாட்டி முறை உறவினர் கேயாஹி அவரைத் தத்தெடுத்து வளர்த்தார். மிஷனரிகளின் தாக்கத்தால் 1830இல் பொதுவெளியில் தடைசெய்யப்பட்ட கலை ஹூலா. கலாகாவாதான் 1883 முடிசூட்டு விழாவில் அதை மறுபடியும் மேடையேற்றினார். அந்த மரபு வீட்டுக்குள்ளேயே கைமாறி இயோலானியிடம் வந்தது. ஆடும்போது அவர் வேறு ஆளாகிவிடுவார் என்று பார்த்தவர்கள் சொல்வார்கள். அவர் கற்றுத் தந்தது மிகச் சிலருக்கு. அவர்களில் ஒருவர் உறவுப்பெண் ஹோவாக்காலேய் கமாவுவு.

மைக்கி ஐயு லேக் ஹோனலூலுவில் பள்ளி நடத்தினார். 1972இல் அவர் செய்ததுதான் பெரிய காரியம்: ஆசானாகும் பயிற்சியையே ஒரு வகுப்பாகத் திறந்துவிட்டார். கேள்வி கேட்காமல் பார்த்துப் பழகுவது பழைய வழி. அவரோ மாணவர்களைக் குறிப்பெடுக்கவும் ஆராயவும் சொன்னார். அந்த முதல் வகுப்பில் வந்த ராபர்ட் கசிமேரோ 1975இல் ஆண்களுக்கென்றே ஒரு ஹூலா பள்ளி தொடங்கினார்.

ஒரே ஒரு ஆட்டத்தை நேரில் பார்க்க முடியுமென்றால் நான் இயோலானியைத்தான் கேட்பேன். ஆனால் இன்று ஹூலா இத்தனை பேர் கையில் உயிரோடு இருப்பதற்கு மைக்கிக்கே அதிகம் கடன்பட்டிருக்கிறோம்.